நம்மாளு இன்னைக்கு யாரு?

அவரை நான் முதலில் பார்த்தபோது ஓர் ஏரிக்கரையில் செத்துக் கிடந்தார். மறுநாள் பார்த்தபோது ஆஸ்பத்திரிக் கட்டிலில் உட்கார்ந்து, சூப்பில் உப்பு இல்லை என்று நர்ஸோடு சண்டை போட்டுக்கொண்டிருந்தார்.

நான் அப்போது தருமபுரியில் ஒரு தனியார் ஆஸ்பத்திரியில் ஸ்டாஃப் நர்ஸ். வீடு நல்லம்பள்ளிப் பக்கம். ஜெர்மனிக்கு நர்ஸ் வேலைக்குப் போக வேண்டும் என்று அந்த மொழியைப் படிக்க ஆரம்பித்திருந்தேன். போனில்தான் வகுப்பு. டீச்சர் பெங்களூரில் இருந்தார். "தினம் ஒரு ஜெர்மன் சீரியலாவது பாருங்க. புரியலன்னாலும் பாருங்க, காது பழகணும்" என்று அவர் சொன்னதை நம்பி, டூட்டி முடிந்து வந்ததும் போனை டிவியோடு இணைத்துவிட்டு உட்கார்ந்துவிடுவேன். ஒரு எழுத்தும் புரியாது. பல்வலிக்காரர்கள் மாதிரி எல்லோரும் வாய்க்குள்ளேயே பேசினார்கள்.

அன்று அம்மா பக்கத்தில் உட்கார்ந்து சாமந்தி கட்டிக்கொண்டிருந்தார். சூப் சண்டையைப் பார்த்ததும் அவர் கை நின்றுவிட்டது.

"ஏ புள்ள, இவுரு நேத்து செத்துட்டாருல்ல?"

"ஆமாம்மா. அது போலீஸ் கதை. இது ஆஸ்பத்திரி கதை."

"எந்தக் கதையா இருந்தா என்ன? ஆளு அதே ஆளுதானே. எப்படியோ பொழச்சிக்கிட்டாரு, நல்லா இருக்கட்டும்."

சமையலறையிலிருந்து அண்ணி ஓடி வந்தார். அண்ணன் ஓசூரில் வேலை பார்த்துக்கொண்டு வாரக்கடைசியில் மட்டும் வருவான் என்பதால் வீட்டில் நாங்கள் மூன்று பெண்கள்தான். அண்ணியின் கண் மகா கூர்மையான கண். ஒருமுறை பார்த்த முகத்தை மறக்கவே மாட்டார். "அத்தை, போன வாரம் நாயைக் கூட்டிட்டுப் போனாரே ஒருத்தர், பனியில? அதுவும் இவர்தான்" என்றார். பழைய பகுதியைத் தேடிப் போட்டுப் பார்த்தோம். ஆமாம், அவரேதான்! நாய்கூட அவரைப் பெரிதாக மதிக்கவில்லை. ஆனால் அவர் அந்த நாயை ஒரு மகாராஜாவின் நாய் போல நடத்திக்கொண்டு போனார்.

அன்றிலிருந்து எங்களுக்குப் பைத்தியம் பிடித்தது. அறுபதை நெருங்கும் வயது, முன்வழுக்கை, தொங்கும் மீசை, எங்கள் ஊர் கூட்டுறவு சங்கத்தில் கையெழுத்து வாங்கும் ஆள் மாதிரி ஒரு சாதாரண முகம். அம்மா அவருக்கு 'நம்மாளு' என்று பேர் வைத்தார். நான் செருப்பைக் கழற்றுவதற்குள் கேட்பார்: "நம்மாளு இன்னைக்கு யாரு?" ஒரு நாள் தபால்காரர். ஒரு நாள் நீதிபதி, அதுவும் பின்வரிசையில் தலையாட்டும் நீதிபதி. ஒரு நாள் பாதிரியார். பாதிரியாராக வந்த அன்று, தெருக்கோடியில் இருக்கும் கத்தோலிக்கக் குடும்பத்து அக்கா பாத்திரம் திருப்பிக் கொடுக்க வந்தவர் அப்படியே நின்று பார்த்து, "பூசை பண்றது சரியாத்தான் பண்றாரு" என்று சான்றிதழ் கொடுத்துவிட்டுப் போனார். செத்தது மட்டும் நாங்கள் பார்த்த வரையில் ஏழு முறை. விஷம், துப்பாக்கி, படிக்கட்டு, ஏரி, மறுபடியும் ஏரி. எப்படிச் செத்தாலும் விரல்நுனி வரைக்கும் சாவார். நான் செத்தவர்களைப் பார்த்தவள். எனக்குத் தெரியும்.

இதில் எனக்கு ஒரு லாபமும் இருந்தது. இவர் ஒருவர் பேசினால் மட்டும் எனக்குப் புரிந்தது. நாடகத்திலிருந்து வந்தவராக இருக்கும் என்று டீச்சர் சொன்னார். கதாநாயகர்கள் நூறு வசனத்தையும் மென்று துப்பினார்கள். இவருக்குக் கிடைப்பதே மூன்று வசனம். ஒவ்வொன்றையும் கழுவித் துடைத்து மேசையில் வைப்பது போலச் சொன்னார். ஒரு குழாய் ரிப்பேர்க்காரராக வந்து, "தண்ணீர் கீழே இருந்து வரவில்லை, மேலே இருந்து வருகிறது" என்றார். சப்டைட்டில் பார்க்காமல் முழுசாக எனக்குப் புரிந்த முதல் ஜெர்மன் வாக்கியம் அதுதான். சோபாவில் ஏறிக் குதித்தேன். அம்மா பயந்துபோய், "மேல இருந்து தண்ணி வருதுன்னா அதுக்கு ஏன்டி இந்தக் குதி குதிக்கற?" என்றார்.

அவர் பெயரைக் கண்டுபிடித்தது அண்ணி. கடைசியில் எழுத்துகள் விர்ரென்று மேலே ஓடுமல்லவா, அதில் படபடவென்று நிறுத்தி நிறுத்தி, நான் எழுதிக் கொடுத்த 'தபால்காரர்' என்ற ஜெர்மன் சொல்லை வைத்து, கீழிருந்து நாலாவது வரியில் பிடித்தார். இணையத்தில் தேடினால் அவருக்கு ஒரு சின்னப் பக்கம் இருந்தது. நடித்த வேடங்கள் வரிசையாக இருந்தன: நாயோடு வரும் ஆள், பக்கத்து வீட்டுக்காரர், இரண்டாவது போலீஸ்காரர், ரயிலில் தூங்குபவர், பிணம். கீழே அவருடைய ஏஜென்சியின் மின்னஞ்சல் முகவரி.

அந்த வாரம் வகுப்பில் முறையான கடிதம் எழுதும் பயிற்சி. யாருக்கு வேண்டுமானாலும் எழுதலாம் என்றார் டீச்சர். நான் நர்ஸ் என்பதையும் மொழித் தேர்வுக்குப் படிப்பதையும் சொல்லி அவருக்கு எழுதினேன். புத்தகத்தில் 'தங்கள் பதிலை ஆவலோடு எதிர்பார்க்கிறேன்' என்று ஒரு அச்சு வாக்கியம் இருந்தது. அதை மாதிரியாக வைத்துக்கொண்டு, 'தங்கள் அடுத்த சாவைக் குடும்பத்தோடு ஆவலோடு எதிர்பார்க்கிறோம்' என்று முடித்தேன். இலக்கணம் சரி என்ற பெருமையில் டீச்சருக்குக் காட்டும் முன்பே அனுப்பியும் விட்டேன். டீச்சர் படித்ததும் போனில் கர்புர் என்று ஒரு சத்தம் வந்தது. மைக் கெட்டுவிட்டதோ என்று நினைத்தேன். அவர் சிரித்துக்கொண்டிருந்தார்.

மூன்று வாரம் கழித்து, மதியச் சாப்பாடு முடிந்து வார்டில் உட்கார்ந்திருந்தபோது பதில் வந்தது. நான் எழுந்தேன், உட்கார்ந்தேன், மறுபடி எழுந்தேன். டிரிப்ஸ் ஏறிக்கொண்டிருந்த ஒரு பெரியவர், "என்னம்மா, கல்யாணம் முடிவாயிடுச்சா?" என்றார்.

"இல்லீங்கய்யா, ஒரு நடிகர் கடிதாசு போட்டிருக்காரு."

"எந்தப் படத்துல நடிச்சவரு?"

"நெறைய படத்துல செத்திருக்காருங்க" என்றேன். பெரியவர் திரும்பிப் படுத்துக்கொண்டார்.

கடிதம் நீளமானது. முப்பது வருடத்துக்கு மேல் நடிக்கிறாராம். ஒரு சின்ன ஊர் நாடக அரங்கில் தொடங்கினாராம். டிவிக்காரர்கள் கூப்பிட்டால் இரண்டு நாள் போய் நடித்துவிட்டு வருவார், மற்ற நாட்களில் நாடகம், அதுவும் இல்லாதபோது வானொலிக்குக் குரல். ரசிகர் கடிதம் இதற்கு முன் இரண்டே இரண்டு வந்திருக்கிறது. ஒன்று அவரை வேறொருவர் என்று நினைத்து எழுதியது. இன்னொன்று அவர் அக்கா எழுதியது. 'என் சாவை யாரோ கவனிக்கிறார்கள் என்று தெரிந்திருந்தால் இன்னும் நன்றாகச் செத்திருப்பேன்' என்று எழுதியிருந்தார். கடைசியில் ஒரு வரி: மொழித் தேர்வின் வாய்மொழிப் பகுதியில் நோயாளியோடு பேசிக் காட்ட வேண்டியிருக்குமே, நான் எத்தனையோ முறை நோயாளியாக நடித்தவன், விருப்பம் இருந்தால் ஞாயிற்றுக்கிழமைகளில் உங்களுக்காக நோயாளியாக இருக்கிறேன்.

முதல் ஞாயிறு அம்மா பட்டுப்புடவை கட்டிக்கொண்டார். அண்ணி கூடத்தைக் கழுவிக் கோலம் போட்டார். ஆனால் கூடத்தில் சிக்னல் இல்லை. மொட்டைமாடியில், தண்ணீர் டேங்க் நிழலில்தான் வீடியோ நிற்கும். மூன்று பேரும் அங்கே போய் நின்றோம். திரையில் அவர் முகம் வந்ததும் அண்ணி வாயைப் பொத்திக்கொண்டு என் முதுகுக்குப் பின்னால் ஒளிந்துகொண்டார்.

"சாப்டீங்களாங்கன்னு கேளு" என்றார் அம்மா.

கேட்டேன். அவர் காலையில் தின்ற ரொட்டியைப் பற்றி ஐந்து நிமிடம் சொன்னார். அம்மாவுக்கு ரொம்பத் திருப்தி. அடுத்து, ரொம்ப நாளாக மனதில் வைத்திருந்ததைக் கேட்கச் சொன்னார்.

"இவுரு ஏன் ஒரு தடவகூட கொலையே பண்ணல?"

மொழிபெயர்த்ததும் அவர் விழுந்து விழுந்து சிரித்தார். பிறகு பொறுமையாக விளக்கினார். எங்கள் நாட்டில் கொலைகாரன் வேடத்தைப் பேர்பெற்ற நடிகருக்குத்தான் கொடுப்பார்கள். அதனால் தெரிந்த முகம் வந்தாலே அவன்தான் கொலைகாரன் என்று ஜனங்கள் கண்டுபிடித்துவிடுகிறார்கள். என்னை யாருக்கும் தெரியாது. ஆகவே நான் பிணம்.

"அப்போ எங்களுக்கு இவுருதானே தெரிஞ்ச மூஞ்சி? மத்தவங்க எல்லாரும் யாரோ எவரோ. அதச் சொல்லு புள்ள" என்றார் அம்மா. சொன்னேன். அதை இன்னொரு முறை சொல்லச் சொல்லிக் கேட்டுக்கொண்டார் அவர். பிறகு ஒரு போர்வையை எடுத்துப் போர்த்திக்கொண்டு, "சரி, நான் இப்போது காது கேட்காத கிழவன். எனக்கு ஊசி என்றால் பயம். தொடங்குங்கள்" என்றார்.

அப்படி மூன்று மாதம். ஒரு வாரம் மாத்திரையைத் துப்பும் பிடிவாதக்காரர். ஒரு வாரம், மனைவிக்குப் பிரசவ வலி வந்துவிட்டதென்று வராந்தாவில் கூச்சல் போடும் கணவர். அந்த வாரம் நான் நிஜமாகவே பதறிப்போய்த் தமிழில், "கொஞ்சம் பொறுங்க சார், டாக்டர் வந்துட்டிருக்காரு" என்று சொல்லிவிட்டேன். ஒரு வாரம் மலைநாட்டு மாட்டுக்காரர், அந்தப் பக்கத்து வட்டாரப் பேச்சோடு. ஆபரேஷனுக்குப் போக மாட்டேன், என் பசுவை யார் பார்ப்பது என்று அழுதார். எங்கள் வீட்டில் இரண்டு கறவை மாடு இருப்பதால் அம்மாவும் கூடவே கண்ணைத் துடைத்துக்கொண்டார்.

தேர்வு பெங்களூரில். காலை ரயிலில் போனேன். வாய்மொழிப் பகுதியில், பதற்றத்தில் இருக்கும் நோயாளியைச் சமாதானப்படுத்த வேண்டும் என்றார்கள். எனக்குப் படபடப்பில் எல்லாச் சொல்லும் பறந்துபோய், நாக்கு நுனியில் ஒரே ஒரு சொல் வந்தது. அதைச் சொல்லித் தட்டிக்கொடுத்தேன். நோயாளியாக எதிரே உட்கார்ந்திருந்த ஜெர்மன் அம்மாள் புருவத்தை உயர்த்தினார். பக்கத்தில் இருந்தவர் பேனாவைக் கீழே வைத்துவிட்டுக் குலுங்கினார். அது அந்த மாட்டுக்காரர் பசுவை அடக்கச் சொல்லும் சொல் என்று எனக்கு அப்போதுதான் உறைத்தது.

"இதை எங்கே கற்றீர்கள்?" என்று கேட்டார் அந்த அம்மாள்.

"ஒரு நடிகரிடம்" என்றேன். அதன்பின் கேட்ட எல்லாவற்றுக்கும் சிரித்துக்கொண்டே பதில் சொன்னேன். பாஸ்!

அந்தச் சேதியை அவருக்குச் சொன்ன வாரமே அவரிடமிருந்தும் ஒரு சேதி வந்தது. ஒரே வரி. 'உங்கள் அம்மாவிடம் சொல்லுங்கள்: எனக்குக் கொலை கிடைத்துவிட்டது.'

அம்மா சாமந்தித் தோட்டத்தில் பூப்பறித்துக்கொண்டிருந்தார். வரப்பிலிருந்தே கத்தினேன். அவர் மடியில் இருந்த பூவையெல்லாம் அப்படியே கொட்டிவிட்டு, கூடப் பறித்துக்கொண்டிருந்த பெண்களிடம், "நம்மாளு கொலை பண்ணப் போறாருடி!" என்றார். அந்தப் பக்கம் பைக்கில் போன ஒருவர் வண்டியை நிறுத்தி எங்களை உற்றுப் பார்த்துவிட்டு, வேகமாகப் போய்விட்டார்.

படம் வெளிவந்ததும் அவர் அனுப்பிய இணைப்பை வைத்துக்கொண்டு, ஒரு ஞாயிறு மதியம் எங்கள் வீட்டில் போட்டோம். தெருப்பெண்கள் பதினைந்து பேராவது இருப்பார்கள். அவர் தேனீ வளர்ப்பவர். பக்கத்துப் பணக்காரன் மருந்தடித்து அவருடைய தேனீக்களை எல்லாம் கொன்றுவிடுகிறான். இவர் அவனைக் கொன்றுவிடுகிறார். கடைசியில் போலீஸிடம் நான்கு நிமிடம் பேசுகிறார். முப்பது வருடமாகச் சேர்த்துவைத்திருந்த வசனத்தையெல்லாம் அந்த நான்கு நிமிடத்தில் பேசினார். நான் மொழிபெயர்ப்பதாக ஏற்பாடு. ஆனால் ஒவ்வொரு சொல்லும் எனக்கு நேராகப் புரிந்துகொண்டே போன மயக்கத்தில் வாயைத் திறக்க மறந்துவிட்டேன். "என்ன சொல்றாருன்னு சொல்லு புள்ள!" என்று ஆளாளுக்கு என்னைப் பிடித்து உலுக்கினார்கள்.

சொல்லி முடித்ததும் தெரு இரண்டு கட்சியாகப் பிரிந்தது. அவர் செய்தது சரி என்று அம்மா கட்சி. அடுத்த வீட்டுக் கன்னடம் பேசும் அக்கா எதிர்க்கட்சி. "ஈ செத்துப் போச்சுன்னு மனுசன சாவடிப்பாங்களா?" என்று அவர் கேட்க, "ஈயில்ல, தேனீ!" என்று இவர்கள் கத்த, அண்ணி நடுவில் நின்று காபி கொடுத்தார்.

பொங்கல் கழிந்து சில நாளில் அவரே வந்தார். மைசூர் பக்கம் சுற்றிப்பார்க்க வந்தவர், இரண்டு நாள் உங்கள் ஊருக்கு வரலாமா என்று கேட்டிருந்தார். தருமபுரி ஸ்டேஷனில் அவர் ரயிலை விட்டு இறங்கியதும் அம்மா என் காதில் சொன்ன முதல் வார்த்தை, "டிவியில உசரமா இருந்தாரே!" என்பதுதான். இருந்தாலும் கையோடு கொண்டுபோயிருந்த சாமந்தி மாலையைப் போட்டுவிட்டார். அவருக்குக் காலணி கடித்துக் கொப்புளமாகியிருந்தது. பஸ் ஸ்டாண்டு அருகில் ஒரு ஜோடி தோல் செருப்பு வாங்கி மாட்டிக்கொண்டு ஆட்டோவில் ஏறினார்.

தெருவுக்குள் ஆட்டோ நுழைந்ததும் வீட்டுக்கு வீடு ஆள் வெளியே வந்தது. "வந்துட்டாரு! கொலைகாரரு வந்துட்டாரு!" அவர் இறங்கியதும் கன்னடத்து அக்கா இடுப்பில் கைவைத்து முன்னால் வந்து நின்றார். "யாக்கப்பா கொந்தெ?" என்றார். ஏனப்பா கொன்றாய் என்று. நான் மொழிபெயர்க்கும் முன்பே அவர் புரிந்துகொண்டார். நெஞ்சில் கைவைத்து, ஜெர்மனில், தேனீக்களுக்காக, என்று தொடங்கி அந்த நான்கு நிமிட வசனத்தையும் தெருவில் நின்று முழுதாகப் பேசினார். அக்கா அசையாமல் கேட்டார். பிறகு, "சரி வுடு, வூட்டுக்குள்ள வா, வெயிலு" என்றார். ஒரு வார்த்தை கன்னடத்தில், ஒரு வார்த்தை ஜெர்மனில், மிச்சம் தமிழில், அன்று முழுக்க அவர்கள் இருவரும்தான் பேசிக்கொண்டார்கள்.

மதியம் களியும் கீரைக் கடைசலும். மெல்லாமல் விழுங்க வேண்டும் என்று அண்ணி செய்து காட்டினார். அவர் களியைத் தொட்டு, உருட்டி, கண்ணை மூடிக்கொண்டு விழுங்கிவிட்டு, வயிற்றைத் தடவி, ஒரு கல் உள்ளே போய் உட்கார்ந்தது போல நடித்தார். நடிப்பா நிஜமா என்று எங்களுக்குத் தெரியவில்லை. ஆனால் இன்னொன்று வாங்கிக்கொண்டார்.

சாயங்காலம் தெருப் பிள்ளைகள் எல்லாம் சூழ்ந்துகொண்டு, செத்துக் காட்டச் சொன்னார்கள். அவர் தயங்கவேயில்லை. துப்பாக்கிக் குண்டு பட்டவராக மூன்றடி பின்னால் நடந்து, களத்து மேட்டில் சாய்ந்தார். கையைத் தட்ட ஓங்கிய பிள்ளைகள் அப்படியே நின்றுவிட்டார்கள். அந்த நேரம் பார்த்து, மேய்ச்சலுக்குப் போன ஆடுகளை ஓட்டிக்கொண்டு வந்த ஒரு அம்மா, "அய்யய்யோ, வெள்ளக்காரன் செத்துக் கெடக்கறான்!" என்று அலறினார். ஓர் ஆடு வந்து அவர் சட்டைக்கையைக் கடித்து இழுத்து மெல்ல ஆரம்பித்தது. அவர் அசையவில்லை. நான் போய்க் குனிந்து நாடி பார்த்தேன். நர்ஸ் புத்தி. என்னையறியாமல் பயமே வந்துவிட்டது. நாடி ஓடியது. "ஆடு போய்விட்டதா?" என்று உதடு அசையாமல் கேட்டார்.

திரும்பிப் போகும் நாளில் ரயில் தாமதம். பிளாட்பாரத்தில் இருந்தவர்கள், மாலையும் கையுமாக நாங்கள் பத்துப் பேர் சூழ்ந்து நிற்பதைப் பார்த்து, யாருங்க இவர் என்று கேட்டார்கள். "பெரிய நடிகருங்க, ஜெர்மனியில" என்றார் அம்மா, குரலில் துளியும் சந்தேகமில்லாமல். அவ்வளவுதான். கல்லூரிப் பெண்கள் ஒரு கூட்டம் செல்ஃபிக்கு வந்தது. அப்புறம் ஒரு போலீஸ்காரர், ஒரு மாப்பிள்ளை பெண் ஜோடி, சுண்டல் விற்பவர். தன் நாட்டில் ஒரு பிளாட்பாரத்திலும் யாரும் தன்னைத் திரும்பிப் பார்த்ததில்லை என்று அவர் என்னிடம் சொல்லிக்கொண்டே ஒவ்வொருவரோடும் ஒவ்வொரு முகம் வைத்து நின்றார். போலீஸ்காரரோடு மட்டும் விறைப்பாக, இரண்டாவது போலீஸ்காரராக.

ரயில் வந்து நின்றதையே யாரும் கவனிக்கவில்லை. அது கிளம்பும்போதுதான் அண்ணி கத்தினார். ஓடினோம். நான் பையை உள்ளே எறிந்தேன். போலீஸ்காரர் அவரைப் பின்னாலிருந்து தள்ளினார். அவர் ஏறிவிட்டார், மாலையோடு கதவில் நின்று கையசைத்தார். இடது கால் செருப்பு மட்டும் பிளாட்பாரத்தில் கிடந்தது.

விசா வந்து நான் கிளம்பியபோது அம்மா அந்தச் செருப்பைக் கழுவித் துடைத்து, ஒரு கவரில் சுற்றி, ஊறுகாய் பாட்டிலுக்கும் என் சான்றிதழ்களுக்கும் நடுவில் வைத்தார். ஜெர்மன் விமான நிலையத்தில் சுங்க அதிகாரி பெட்டியைத் திறக்கச் சொன்னார். ஊறுகாயை விட்டுவிட்டுச் செருப்பைத்தான் எடுத்தார்.

"ஒன்றுதான் இருக்கிறது" என்றார்.

"ஆமாம். இன்னொன்று அவரிடம் இருக்கிறது. அவர் ஒரு நடிகர்."

"எந்த நடிகர்?"

பெயரைச் சொன்னேன். அவர் உதட்டைப் பிதுக்கினார். கேள்விப்பட்டதே இல்லையாம்!

எனக்கு வந்ததே வேகம். நாயோடு நடந்ததிலிருந்து ஆரம்பித்தேன். தபால்காரர், பாதிரியார், இரண்டு ஏரி, தேனீ, ஒன்றையும் விடவில்லை. அவர் செருப்பைக் கையில் பிடித்தபடியே கேட்டுக்கொண்டிருந்தார். எனக்குப் பின்னால் வரிசையில் நின்றவர் கடைசியில் பொறுமையிழந்து, "அந்தத் தேனீப் படத்தின் பெயர் என்னவென்று மட்டும் சொல்லுங்கள், நாங்களும் பார்க்கிறோம். அப்புறம் கொஞ்சம் வழிவிடுங்கள் அம்மா" என்றார்.